கல்வெட்டு இருக்கிறது, படித்துச் சொல்ல ஆள் எங்கே?

திருபுவனை வரதராசப் பெருமாள் கோயிலின் கற்சுவரில் ஒரு கல்லூரியின் கணக்கு வெட்டப்பட்டிருக்கிறது. முதலாம் இராசாதிராச சோழனின் 30-ஆம் ஆட்சியாண்டு, அதாவது 1048. மாணவர்கள் 260 பேர், ஆசிரியர்கள் 12 பேர். வேதங்களோடு இலக்கணம், வேதாந்தம், பாரதம், இராமாயணம் எல்லாம் பாடம். அவர்களைப் பராமரிக்க 72 வேலி நிலம். அதிலிருந்து ஆண்டுக்குப் பன்னிரண்டாயிரம் கலம் நெல். படிப்புக்கு இடைஞ்சல் கூடாது என்று ஊர் வாரியப் பொறுப்புகளிலிருந்து ஆசிரியர்களுக்கும் மாணவர்களுக்கும் விலக்கு.

புதுச்சேரியிலிருந்து விழுப்புரம் போகும் பேருந்துகள் திருபுவனை வழியாகப் போகின்றன. சனி, ஞாயிறுகளில் சென்னையிலிருந்தும் பெங்களூரிலிருந்தும் வரும் கார்கள் கடற்கரைச் சாலையில் நிறுத்த இடமில்லாமல் திணறுகின்றன. அந்தக் கார்களில் எத்தனை இந்தக் கோயில் வாசலில் நிற்கின்றன? நின்றாலும் உள்ளே போனவர் எதைப் பார்ப்பார்? அழகான கோயில், சுவர் நிறைய எழுத்து. அந்த எழுத்து என்ன சொல்கிறது என்று சொல்ல அங்கே ஒருவரும் இல்லை.

இதற்கு நேர் எதிரான காட்சி மெக்சிகோவில் நாள்தோறும் நடக்கிறது. கான்கூன் கடற்கரை விடுதிகளிலிருந்து காலையில் பேருந்துகள் கிளம்பி, ஏறத்தாழ 200 கிலோமீட்டர் உள்ளே போய், சிச்சென் இட்சா என்னும் மாயன் நகரத்தின் இடிபாடுகளைக் காட்டிவிட்டு மாலையில் திரும்புகின்றன. அந்த இடத்துக்கு ஆண்டுக்கு இருபது லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் வருகிறார்கள். அவர்களில் பலருக்கு அந்தப் படிக்கட்டுக் கோபுரம் யார் கட்டியது என்றுகூட வரும்போது தெரியாது. திரும்பும்போது தெரிகிறது. அரசிடம் உரிமம் பெற்ற வழிகாட்டி கூடவே நடந்து சொல்லிக்கொண்டு வருகிறார்.

இத்தனைக்கும் மாயன் எழுத்துகள் 1950-கள் வரை பெரும்பாலும் ஊமையாகத்தான் இருந்தன. தேதிகளைக் கணிக்கத் தெரிந்திருந்ததே தவிர, வாசகத்தைப் படிக்க முடியவில்லை. சோவியத் அறிஞர் யூரி க்னோரோசோவ் 1952-இல் வெளியிட்ட ஆய்வுக்குப் பிறகுதான் பூட்டு மெல்லத் திறந்தது. அதன் பிறகு அரசர்களின் பெயர், பிறப்பு, போர், முடிசூட்டு எல்லாம் ஒவ்வொன்றாக வெளிவந்தன. இன்று மாயன் இடிபாடுகளிடையே நிற்கும் வழிகாட்டி ஒரு கல்லைக் காட்டி, இன்ன அரசன் இன்ன ஆண்டில் நாட்டியது என்கிறார்.

புதுச்சேரிக் கிராமங்களின் கற்களுக்கு அந்தக் காத்திருப்பே தேவைப்படவில்லை. திருபுவனைக் கல்வெட்டை 1919-இலேயே ஆய்வாளர்கள் படியெடுத்துவிட்டார்கள். இன்னும் பெரிய வேலையைச் செய்தவர் பாகூர்க்காரர் ஒருவர். பாகூர் குப்புசாமி புதுச்சேரி மாநிலக் கல்வெட்டுகளைத் தேடித் தேடித் தொகுத்தார். விஜயவேணுகோபால் பதிப்பிக்க, புதுச்சேரி பிரெஞ்சு நிறுவனம் 2006-இல் அதை நூலாகக் கொண்டுவந்தது. ஆகவே படிப்பு முடிந்துவிட்டது, நூலும் கையில் இருக்கிறது. நூலுக்கும் கோயில் வாசலில் நிற்கும் பயணிக்கும் நடுவே ஒரு மனிதர் மட்டும் குறைகிறார். அந்த மனிதரை உருவாக்குவதுதான் புதுச்சேரி சுற்றுலாத் துறை உடனே செய்ய வேண்டிய வேலை.

ஒரு நாள் பயணம் போதும். காலை எட்டு மணிக்கு நகரத்திலிருந்து ஒரு சிற்றுந்து. முதலில் வில்லியனூர் திருக்காமீசுவரர் கோயில். வைகாசித் தேரோட்டத்தில் பிரெஞ்சு ஆளுநரே வடம் பிடித்த ஊர் இது. ஆட்சி மாறியும் வழக்கம் மாறவில்லை, இன்று துணைநிலை ஆளுநரும் முதல்வரும் பிடிக்கிறார்கள். அடுத்து விழுப்புரம் சாலையிலேயே திருபுவனை, திருவாண்டார்கோயில், மதகடிப்பட்டு. திருவாண்டார்கோயில் சம்பந்தர் பாடிய வடுகூர். மதகடிப்பட்டில் இருக்கும் குண்டாங்குழி மகாதேவர் கோயில் முதலாம் இராசராசன் காலத்தது. பிறகு தெற்கே திரும்பிப் பாகூர். கடைசியில் அரியாங்குப்பம் ஆற்றங்கரையில் அரிக்கமேடு. எல்லாம் சேர்ந்தாலும் நூறு கிலோமீட்டருக்குள் அடங்கும். வழியில் கொஞ்ச தூரம் தமிழ்நாடு, மறுபடி புதுச்சேரி, மறுபடி தமிழ்நாடு என்று எல்லை மாறிக்கொண்டே வருவது தனிக் கதை. பிரெஞ்சுக்காரர்களும் ஆங்கிலேயர்களும் ஊர் ஊராகப் பிடித்த நிலத்தின் வரைபடம் இன்றும் சாலையில் தெரிகிறது.

பாகூரில் மட்டும் இரண்டு மணி நேரம் ஒதுக்க வேண்டும். 1879-இல் அங்கே கிடைத்த ஐந்து செப்பேடுகள் பல்லவ மன்னன் நிருபதுங்கவர்மனின் 8-ஆம் ஆட்சியாண்டைச் சேர்ந்தவை. பாகூரில் இருந்த வித்யாஸ்தானம் என்னும் கல்வி நிலையத்துக்கு மூன்று ஊர்களைக் கொடையாகத் தந்த செய்தியை வடமொழியிலும் தமிழிலும் சொல்கின்றன. அது 9-ஆம் நூற்றாண்டின் பிற்பகுதி. திருபுவனைக் கல்லூரிக்கு ஏறக்குறைய நூற்றெழுபது ஆண்டுகள் முன்னால். இந்த இரண்டு ஊர்களையும் ஒரே நாளில் பார்ப்பவருக்குத்தான் புதுச்சேரியின் மேற்கும் தெற்கும் வயலும் ஏரியும் மட்டுமல்ல, பல தலைமுறை கல்வியை நெல்லால் வளர்த்த நாடு என்பது விளங்கும்.

பாகூர் மூலநாதர் கோயிலில் கண்ணரதேவன் பெயரிலும் கல்வெட்டுகள் உண்டு. தக்கோலத்தில் சோழர்களை வென்று தொண்டை மண்டலத்தைப் பிடித்த இராட்டிரகூட மன்னன் மூன்றாம் கிருஷ்ணன்தான் அவன். அடுத்த சில சுவர்களில் சோழர் பெயர்கள். ஆட்சி கை மாறியதும், அதற்கிடையிலும் ஊர்ச்சபை தன் வேலையைத் தொடர்ந்ததும் ஒரே கோயிலைச் சுற்றி வந்தால் தெரிகிறது. கோயிலின் அடித்தளத்தில் நடனமாடும் உருவங்கள் சின்னஞ்சிறு சிற்பங்களாக இருக்கின்றன. குனிந்து பார்க்கச் சொல்ல ஒருவர் இல்லாவிட்டால், நிமிர்ந்து நடப்பவர் கண்ணில் அவை படவே படா.

கோயிலிலிருந்து ஏரிக்கரைக்குப் போக வேண்டும். தென்பெண்ணை நீரைச் சொர்ணாவூர் அணைக்கட்டிலிருந்து பாகூர் ஏரிக்குக் கொண்டுவருவது பங்காரு வாய்க்கால். சிங்காரி, பங்காரி என்ற தாசிச் சகோதரிகள் தங்கள் பொருளைச் செலவழித்து வெட்டுவித்தது என்று ஊரார் சொல்கிறார்கள். நல்ல வழிகாட்டி இந்த இடத்தில்தான் தேர்வு எழுதுகிறார். செப்பேடு சொல்வது இது, ஊர் சொல்லும் கதை இது என்று இரண்டையும் பிரித்துச் சொல்ல வேண்டும். இரண்டுக்கும் மதிப்பு உண்டு. கலந்துவிட்டால் இரண்டுமே கெடும். 1752-இல் இதே பாகூர் அருகே ஆங்கிலேயத் தளபதி ஸ்டிரிங்கர் லாரன்ஸ் பிரெஞ்சுப் படையைத் தோற்கடித்ததும் ஏரிக்கரையில் சொல்லத் தக்க செய்திதான்.

பெருமையை மட்டும் பேசும் வழிகாட்டியும் வேண்டாம். திருபுவனையின் 260 மாணவர்கள் எல்லாச் சாதிப் பிள்ளைகளும் அல்லர். அது சதுர்வேதிமங்கலம், பிராமணர்களுக்குக் கொடுக்கப்பட்ட ஊர். வேதம் படிக்க வந்தவர்கள் யார், அந்த 72 வேலியில் இறங்கி உழுதவர்கள் யார் என்ற கேள்வியை ஒரு பள்ளி மாணவி கேட்பாள். கேட்கவும் வேண்டும். பதில் சொல்லத் தயங்காதவர்தான் அந்த இடத்துக்குத் தகுதியானவர்.

அரிக்கமேட்டுக்கு வருவோம். வழிகாட்டி இல்லாமல் போகவே கூடாத இடம் இது. வெள்ளிக் கிரகம் சூரியனைக் கடப்பதைப் பார்க்கப் பிரான்சிலிருந்து வந்த வானியலாளர் லெ ஜாந்தீல் 18-ஆம் நூற்றாண்டிலேயே வீராம்பட்டினம் பக்கம் ஆற்றங்கரையில் பழைய செங்கல் சுவர்களைப் பார்த்து எழுதிவைத்தார். 1937-இல் பிரெஞ்சு அறிஞர் ழூவோ துப்ரேல் கைக்கு உரோமப் பேரரசர் அகஸ்டஸின் முகம் செதுக்கியதாகக் கருதப்பட்ட ஒரு மணிக்கல் வந்தது. 1945-இல் தொல்லியலாளர் மார்ட்டிமர் வீலர் தோண்டினார். இத்தாலிய அரெட்டைன் மட்கலமும், ஒயின் கொண்டுவந்த ஆம்போரா சாடிகளும், தமிழ்ப் பிராமி எழுத்துள்ள ஓடுகளும் கிடைத்தன. அதற்குப் பின் பிரெஞ்சுத் தொல்லியலாளர் காசால் தோண்டினார், 1989 முதல் 1992 வரை விமலா பெக்லி. அரிக்கமேட்டை உரோமர்கள் உருவாக்கவில்லை, அவர்கள் வருவதற்கு முன்பே இங்கே ஊர் இருந்தது என்பதைப் பெக்லியின் அகழ்வு உறுதிப்படுத்தியது. இங்கு செய்த சிறு கண்ணாடி மணிகளின் வகை தென்கிழக்கு ஆசியா வரை பரவியிருக்கிறது.

இவ்வளவு பெரிய இடத்தில் இன்று கண்ணுக்குத் தெரிவது மரத்தோப்பும், பாழடைந்த செங்கல் தூண்களும்தான். தோண்டிய குழிகள் எல்லாம் மூடப்பட்டுவிட்டன. வந்தவர்கள் அந்தத் தூண்களைக் கட்டிப்பிடித்து, உரோமானியக் கிடங்கு என்று நினைத்துப் படம் எடுத்துக்கொண்டு போகிறார்கள். அவை 18-ஆம் நூற்றாண்டில் பிரெஞ்சுப் பாதிரிமார் நடத்திய குருமடத்தின் மிச்சம். உண்மையான பழைய ஊர் காலுக்கடியில் இருக்கிறது. இதைச் சொல்லி, வீலர் தோண்டிய பகுதிகளைக் காட்டி, இங்கே கிடைத்தவற்றைப் பார்க்கப் புதுச்சேரி அருங்காட்சியகத்துக்கு அழைத்துப் போக ஒருவர் இருந்தால், பார்ப்பதற்கு ஒன்றுமில்லை என்ற குறை அந்த நிமிடமே தீரும். கீழடியில் 2023-இல் அருங்காட்சியகம் திறந்த பிறகு குடும்பம் குடும்பமாக மக்கள் போகிறார்கள். மண்ணுக்கடியில் இருப்பதைப் பார்க்க நம் மக்களுக்கு ஆர்வம் உண்டு என்பதற்கு வேறு சான்று வேண்டாம்.

இந்த நினைவுச் சின்னங்களில் பல இந்தியத் தொல்லியல் துறையின் பாதுகாப்பில் உள்ளவை. அதன் பலகைகள் சேதப்படுத்தினால் என்ன தண்டனை என்று சொல்கின்றன. அது தேவைதான். ஆனால் இங்கே என்ன இருந்தது என்பதைப் பாகூர் ஐந்தாம் வகுப்புப் பிள்ளைக்குப் புரியும் தமிழில் சொல்லும் பலகையும் பக்கத்தில் வேண்டும்.

கூட்டம் வந்தால் கெடும் என்ற அச்சம் நியாயமானது. சிச்சென் இட்சாவில் அந்தப் பெரிய கோபுரத்தின் மேல் ஏறுவதையே தடை செய்ய வேண்டி வந்தது. அங்கே இன்னொரு பாடமும் உண்டு. பயணிகள் தங்குவதும் செலவழிப்பதும் பெரும்பாலும் கடற்கரை விடுதிகளில். பக்கத்திலேயே வாழும் மாயன் மக்கள் வளாகத்துக்குள் கைவினைப் பொருள் விற்கும் உரிமைக்காக நீண்ட காலமாகப் போராடுகிறார்கள். கோபா என்ற இன்னொரு மாயன் தலத்தில் காட்டுப் பாதையில் சுற்ற மிதிவண்டி வாடகைக்குக் கிடைக்கிறது. கூட்டம் காட்டுக்குள் பரவிப் போகிறது, அந்த வேலையும் அங்கேயே இருக்கிறது. புதுச்சேரி எடுத்துக்கொள்ள வேண்டியது கோபாவின் வழி. நகரத்து விடுதிகளின் பயண நிறுவனங்கள் வண்டியில் ஆளை ஏற்றிவந்து, இறக்கி, ஏற்றிப் போவதாக இது முடிந்தால் பாகூருக்குப் புழுதிதான் மிஞ்சும்.

எனவே வழிகாட்டிகள் அந்தந்தக் கொம்யூனை, அதாவது உள்ளாட்சிப் பகுதியைச் சேர்ந்தவர்களாக இருக்க வேண்டும். வில்லியனூர், மண்ணாடிப்பட்டு, பாகூர், அரியாங்குப்பம் கொம்யூன்களில் வரலாறும் தமிழும் படித்துவிட்டு வேலை தேடும் பட்டதாரிகள் இருக்கிறார்கள். புதுவைப் பல்கலைக்கழகமும் பிரெஞ்சு நிறுவனமும் அருகிலேயே இருக்கின்றன. கல்வெட்டு எழுத்தைப் படிக்கவும், வரலாற்றைக் கதையிலிருந்து பிரிக்கவும், தமிழோடு ஆங்கிலத்திலோ பிரெஞ்சிலோ சொல்லவும் ஆறு மாதப் பயிற்சி தரலாம். தேர்ந்தவர்களுக்கு உரிமம். மதிய உணவு ஊர் மகளிர் சுய உதவிக் குழுக்களிடம். கட்டணத்தில் ஒரு பங்கு கொம்யூன் பஞ்சாயத்துக்கு, கழிப்பறைக்கும் குடிநீருக்கும்.

நடைமுறைச் சிக்கல்களும் உண்டு. நண்பகலில் கோயில் நடை சாத்திவிடுவார்கள், மாலை நான்கு மணிக்குத்தான் திறப்பார்கள். கோயில் வழிபாட்டு இடம். அதைப் பயணிகளுக்காக வளைக்கக் கூடாது. நடை சாத்திய நேரத்தை உணவுக்கும் ஏரிக்கரைக்கும் ஒதுக்கினால் போதும். ஒரு குழுவில் இருபது பேருக்கு மேல் வேண்டாம். சித்திரை, வைகாசி வெயிலில் இதைத் தொடங்கினால் முதல் வாரத்திலேயே பெயர் கெடும். மழை ஓய்ந்த பின் மார்கழி முதல் மாசி வரை நல்ல பருவம். பாகூர் ஏரியில் நீரும் பறவைகளும் இருக்கும்.

முதல் பருவத்தில் அந்தச் சிற்றுந்தில் வெளியூர்ப் பயணிகளை ஏற்ற வேண்டியதில்லை. அந்த நான்கு கொம்யூன்களின் அரசுப் பள்ளி மாணவர்களை இலவசமாக அழைத்துப் போகட்டும். பயிற்சி பெறும் வழிகாட்டிகளுக்கு அவர்களைவிடக் கறாரான தேர்வாளர்கள் கிடைக்க மாட்டார்கள். பிள்ளைகள் கேட்கும் கேள்விகளைக் குறித்துவைத்து, பதில் தெரியாதவற்றைக் குப்புசாமியின் நூலில் தேடிச் சரிசெய்துகொண்டு, அடுத்த மார்கழியில் கட்டணப் பயணத்தைத் தொடங்கலாம். சுற்றுலாத் துறையும் கல்வித் துறையும் ஒரு மேசையில் உட்கார்ந்தால், வரும் கல்வியாண்டுக்குள் முதல் வண்டி வில்லியனூரிலிருந்தே புறப்படும்.