சுவரை இடித்த அதிகாரம் எங்கே போயிற்று?

தமிழக ஆயர் பேரவைத் தலைவர் அவர்களுக்கு,

திருவிழாவுக்கான தலைக்கட்டு வரி யாரிடம் வாங்குவது, தேர் எந்தத் தெருவுக்குள் போவது, கல்லறைத் தோட்டத்தில் யாருக்கு எந்தப் பக்கம் என்பதையெல்லாம் 'ஊர் வழக்கம்' என்று ஊராரிடமே விட்டுவிடும் பங்குகள் இன்னும் இருக்கின்றன. இவற்றில் முடிவெடுக்கும் பொறுப்பு ஆயர்களுடையது. வடக்கன்குளம் திருக்குடும்ப ஆலயமே அதற்குச் சான்று. 1870-களில் எழுந்த அந்தக் கோயிலில் பீடம் ஒன்றுதான். அதிலிருந்து இரு கைகளாகப் பிரியும் மண்டபங்களும் இடையே தடுப்பும். ஒருபுறம் வேளாளர், மறுபுறம் நாடார் முதலானோர். எல்லோருக்கும் பீடம் தெரியும். அடுத்த மண்டபத்தில் முழந்தாளிட்டிருப்பவர் தெரியமாட்டார். சாதிக்கென்றே வரைபடம் போட்ட கட்டடம் அது. 1910-ல் கௌசானல் அடிகளார் காலத்தில் திருச்சபையே அந்தத் தடுப்பை இடித்தது. தனியிடம் தங்கள் பரம்பரை உரிமை என்று வேளாளர் தரப்பு வழக்காடியது. சென்னை உயர் நீதிமன்றம் வரை போயும் அவர்கள் வெல்லவில்லை. கோயிலுக்குள் சாதிவாரி இடம் என்பது உரிமையாகாது என்று நூறாண்டுக்கு முன்பே முடிவாகிவிட்டது.

கொடியேற்றம், சப்பரம், அசனம் எல்லாம் நம் விசுவாசத்துக்கு இந்த மண் தந்த உடல். அவற்றைக் குறைக்கச் சொல்லவில்லை. வழக்கத்தில் கைவைத்தால் கலவரம் வரும் என்பார்கள். அந்த அச்சம் நியாயமானதே. ஆனால் எறையூர்ப் பங்கில் தலித் கத்தோலிக்கரின் சமவுரிமை பற்றிப் பல்லாண்டுகளாகத் தள்ளிப்போட்ட கேள்விதான் 2008-ல் மோதலாகி, போலீஸ் துப்பாக்கிச் சூட்டில் இருவர் உயிரைக் குடித்தது. தள்ளிப்போட்டதால் அங்கே அமைதி கிடைக்கவில்லை. சாதி சமூகத்தின் நோய், திருச்சபை மட்டும் என்ன செய்யும் என்பது இன்னொரு வாதம். ஆனால் மதம் மாறினாலும் தீண்டாமை விடுவதில்லை, ஆகவே தலித் கிறிஸ்தவருக்குப் பட்டியல் சாதித் தகுதியை மறுக்கும் 1950-ஆம் ஆண்டு ஆணையைத் திருத்துங்கள் என்று அரசிடம் கேட்கிறோம். மிக நியாயமான கோரிக்கை. அதற்கு நம் கல்லறைத் தோட்டங்களில் சாதி பிரிக்கும் சுவர்களே சாட்சியாக நிற்பதுதான் வெட்கம். திருச்சபைக்குள் பாகுபாடு இருப்பதை இந்திய ஆயர் பேரவையே 2016-ல் தன் தலித் கொள்கை ஆவணத்தில் ஒப்புக்கொண்டது.

1745-ல் தேவசகாயம் திருமுழுக்குப் பெற்றதும் அதே வடக்கன்குளத்தில்தான். 2022-ல் அவரைப் புனிதராக அறிவித்த உரோமை, சாதிப் பெயரை நீக்கியே அவர் பெயரைச் சொன்னது. அவர் திருவிழாவையும் நாம் தேரிழுத்துக் கொண்டாடுகிறோம். அடுத்த திருவிழாக் காலத்துக்குள் எல்லாப் பங்குகளிலும் வாசிக்கும்படி ஒரு சுற்றுமடல் அனுப்புங்கள்: ஒரு குடும்பத்தின் வரியை மறுக்கும் திருவிழாவில் குருவானவர் கொடியேற்றமாட்டார், ஒரு தெருவை விலக்கும் தேரை மந்திரிக்கமாட்டார், கல்லறைச் சுவர்களை இடிக்க இன்ன தேதி கெடு.

இப்படிக்கு,
ஒரு கத்தோலிக்கப் பொதுநிலையினர்