மெழுகைத் தொடாதே

எங்கள் வீட்டு வீணைக்கு என் அம்மாவைவிட வயது அதிகம். பலாமரத்தில் குடைந்த குடம், நீண்ட தண்டி, முனையில் கண்ணை உருட்டும் யாளி. அதை நான் துடைக்கலாம், சரஸ்வதி பூஜையன்று பொட்டு வைக்கலாம், பெண் பார்க்க வருகிறவர்கள் முன் வாசிக்கலாம். மெட்டு ஒன்று நகர்ந்துவிட்டால் மட்டும் தொடக்கூடாது. "மேளம் கட்டுறது பொம்பளைங்க வேலை இல்லைம்மா" என்றார் பழுது பார்க்க வந்த பெரியவர்.

என்ன வேலை அது? தேன்மெழுகையும் கரித்தூளையும் சேர்த்துச் சூடாக்கி, தண்டியின் இரு ஓரங்களிலும் வரப்புபோலக் கட்டி, அதன்மேல் 24 பித்தளை மெட்டுகளையும் ஒவ்வொன்றாகக் காதால் கேட்டுக் கேட்டு அழுத்திப் பதிப்பது. வெயிலில் மெழுகு இளகும், சுரம் பிசகும், மறுபடி பிரித்துக் கட்டவேண்டும். தேவை நல்ல காதும் பொறுமையான விரலும். இரண்டும் பெண்ணிடம் இல்லை என்பவர்கள்தான் 'வீணை பெண்களுக்கே உரிய வாத்தியம்' என்று மேடையில் உருகுகிறார்கள்.

24 மெட்டுகளை நிலையாகப் பதித்த பெருமை 17ஆம் நூற்றாண்டுத் தஞ்சை மன்னர் ரகுநாத நாயக்கருக்கும் அமைச்சர் கோவிந்த தீட்சிதருக்கும் தரப்படுகிறது. உளி பிடித்த தச்சருக்குப் பெயர் இல்லை. அதே அவையிலிருந்த ராமபத்ராம்பா, மன்னரைப் பற்றி வடமொழியில் காவியமே எழுதியவர். அவையில் இசைத்த பெண்களும் அதில் வருகிறார்கள். வீணையின் கதையைச் சொல்லும்போது மட்டும் அவர்கள் எங்கே போகிறார்கள்? வாசித்துப் பார்க்காமல் ஒரு மெட்டு சரியா தப்பா என்று யார் சொல்லியிருக்க முடியும்?

வீணை தனம்மாளுக்கு (1867–1938) வருவோம். சென்னை ஜார்ஜ் டவுன் வீட்டில் வெள்ளிக்கிழமை மாலைகளில் அவர் வாசிக்க, பெரிய வித்வான்கள் வந்து மூச்சடக்கிக் கேட்டார்கள். தேவதாசி மரபில் வந்தவர். அந்த மரபை இழிவென்று ஒதுக்கிய குடும்பங்கள், அவர்கள் கையிலிருந்த கருவியை மட்டும் கழுவி எடுத்துத் தங்கள் மகள்களின் மடியில் வைத்தன. என் மடிக்கு அது வந்ததும் அப்படித்தான். இதைச் சொன்னால் வீட்டில் இன்னும் கோபம் வருகிறது.

போன கோடையில் பழைய மெழுகை நானே சுரண்டினேன். விரல் இரண்டு இடத்தில் வெந்தது. மூன்று நாளாயிற்று. ஒன்பதாவது மெட்டு இன்னும் கொஞ்சம் ஏறித்தான் நிற்கிறது. அடுத்த வாரம் மறுபடி சூடாக்க வேண்டும்.