முள்ளம்பன்றி என்றால் எந்த முள்ளம்பன்றி?

ஒரு சின்ன சோதனை வைக்கிறேன். முள்ளம்பன்றின்னு சொன்னதும் உங்க மனசுல என்ன உருவம் வருது?

மலையடிவாரத்துல தோட்டம் வச்சிருக்கிறவர்னா, ராத்திரியில வந்து மரவள்ளிக் கிழங்கைத் தோண்டிட்டுப் போற, கறுப்பு வெள்ளை முள் வச்ச பெரிய பிராணி. ரீல்ஸ் பார்க்கிற பிள்ளைகளுக்கு, உள்ளங்கையில பந்து மாதிரி சுருண்டு கிடக்கிற குட்டி ஜீவன். கடற்கரைப் பக்கத்து ஆளுன்னா, வலையில மாட்டினதும் பலூன் மாதிரி உப்பிக்கிற மீன்.

மூணுக்கும் நம்ம ஆளுங்க "முள்ளம்பன்றி"ன்னுதான் சொல்றாங்க. மூணும் வேற வேற. இதுல ஒரு டாக்டருக்கு என்ன வேலைன்னு கேட்காதீங்க. பேஷன்ட் எங்ககிட்ட கொண்டு வர்றது முதல்ல ஒரு பேரைத்தான். அந்தப் பேரை வச்சு வைத்தியம் ஆரம்பிச்சா சில நேரம் உயிரே போயிடும்.

முதல்ல பெயர்க் குழப்பத்தை முடிச்சிடலாம். முள்ளம்பன்றி பன்றி கிடையாது. எலி, அணில் மாதிரி கொறிக்கிற வகை. முள்ளெலி எலி கிடையாது. அதோட நெருங்கின சொந்தம் மூஞ்சூறு. பூச்சி தின்கிற சின்னப் பிராணி அது. ஆக, பன்றின்னு பேர் வச்சது எலி வகை. எலின்னு பேர் வச்சது எலியே இல்லை.

நம்ம ஆளுங்களை மட்டும் குறை சொல்ல முடியாது. இங்கிலீஷ்ல "போர்க்குபைன்"ங்கிற சொல்லும் லத்தீன்ல இருந்து வந்த "முள் பன்றி"தான். "ஹெட்ஜ்ஹாக்"னா வேலிப் பன்றி. உலகம் முழுக்க பேர் வச்சவன் முள்ளை மட்டும்தான் பார்த்திருக்கான். முள்ளுக்குக் கீழ என்ன இருக்குன்னு யாரும் பார்க்கல. ஆஸ்திரேலியாவுல முட்டை போட்டுப் பால் கொடுக்கிற எகிட்னாவும் முள்ளோட இருக்கு. மடகாஸ்கர்ல டென்ரெக்னு ஒண்ணு. பார்க்க முள்ளெலி மாதிரியே இருக்கும், ஆனா வம்சாவளிப்படி யானைக்குத்தான் அதிகம் நெருக்கம்.

பழைய தமிழ்ல முள்ளம்பன்றிக்கு "எய்"னு ஒரு பேர் உண்டு. எய்தல்னா அம்பு விடுறது. முள்ளம்பன்றி முள்ளை அம்பு மாதிரி எய்யும்னு இன்னும் பல பேர் நம்புறாங்க. எய்யாது. முள்ளுங்கிறது தடிச்சுப்போன முடி, நம்ம நகம் எதால ஆனதோ அதே கெரட்டின். ஆபத்து வந்தா சிலிர்த்துக்கிட்டுப் பின்பக்கமா பாயும். மேல பட்டா குத்தி நிற்கும். அவ்வளவுதான்.

யூடியூப்ல நாய் மூஞ்சி முழுக்க முள்ளோட வர்ற வீடியோ பார்த்திருப்பீங்க. அதுல பெரும்பாலும் அமெரிக்க முள்ளம்பன்றி. அதோட முள் நுனியில கண்ணுக்குத் தெரியாத கொக்கிகள் உண்டு; சுலபமா உள்ள போகும், வெளிய வராது. நம்ம ஊர் முள்ளம்பன்றி வேற குடும்பம், முள்ளுல அந்தக் கொக்கி கிடையாது. அதுக்காக நீங்களே பிடுங்கிடலாம்னு அர்த்தமில்லை. கண், கழுத்து, நெஞ்சு, வயிறுன்னா கையே வைக்காதீங்க. அசையாம அப்படியே ஆஸ்பத்திரிக்கு வாங்க. கை, கால்னாலும் டிடி ஊசியும் டாக்டர் பார்வையும் கட்டாயம். ஆழமான குத்துக்காயம் வெளிய சின்னதாத்தான் தெரியும்.

இப்போ முக்கியமான இடத்துக்கு வர்றேன்.

தென் மாவட்டங்கள்ல முள்ளெலியோட முள்ளைச் சுட்டுச் சாம்பலாக்கி, தேன்ல குழைச்சு கக்குவான் இருமலுக்குக் கொடுக்கிற பழக்கம் இன்னும் இருக்கு. ஒரு நைட் டியூட்டியில ரெண்டு மாசக் குழந்தையைத் தூக்கிட்டு ஒரு அம்மாவும் பாட்டியும் வந்தாங்க. நாலு நாளா இருமல். "என்ன கொடுத்தீங்க"ன்னு கேட்டா, அம்மா தலையைக் குனிஞ்சுக்கிட்டாங்க. பாட்டிதான் முந்தானையில முடிஞ்சு வச்சிருந்த பொட்டலத்தைப் பிரிச்சாங்க. "முள்ளம்பன்றி முள்ளு தம்பி, எங்க மாமியார் காலத்துல இருந்து இதுதான்."

முள்ளு ரெண்டு சென்டிமீட்டர்கூட இல்லை. முள்ளம்பன்றி முள்ளு பேனா நீளத்துக்கு மேல போகும். இது முள்ளெலி. நான் பாட்டிகிட்ட விலங்கியல் பாடம் எடுக்கல. குழந்தை இருமும்போது உதடு நீலமாச்சு, நடுவுல மூச்சு நின்னு நின்னு வந்துச்சு. நேரா ஆக்சிஜன், அப்புறம் குழந்தைகள் ஐசியூ. பிழைச்சிடுச்சு.

இதை எதுக்குச் சொல்றேன்னா, கைக்குழந்தைக்குக் கக்குவான் இருமல் புத்தகத்துல இருக்கிற மாதிரி வராது. அந்த "ஊப்" சத்தம் பல நேரம் இருக்கவே இருக்காது. மூச்சு நிக்கிறதுதான் முதல் அறிகுறியாவே இருக்கலாம். சாம்பல் குழைக்கிற நேரம்தான் உயிர் போற நேரம். கூடவே அந்தத் தேன்! ஒரு வயசுக்குக் கீழ இருக்கிற குழந்தைக்குத் தேன் ஒரு சொட்டுகூட நாக்குல வைக்கக் கூடாது. அதுல இருக்கக்கூடிய ஒரு வகை பாக்டீரியா விதை குழந்தை குடல்ல முளைச்சு, உடம்பைத் துவள வைக்கிற நஞ்சை உண்டாக்கும். பாட்டி பாசத்துல செஞ்சாங்க, அதுல எனக்குச் சந்தேகமில்லை. பாசமும் முள்ளும் சேர்ந்து பாக்டீரியாவைக் கொல்லாது.

முள்ளு ஏன் மருந்தாச்சு? என் ஊகம் இது: இருமல் தொண்டையில முள்ளா குத்துது, முள்ளை முள்ளால எடுக்கலாம். பேரும் உருவமும் வச்சுக் கட்டின வைத்தியம். நம்ம முள்ளெலி தென்னிந்தியாவைத் தவிர உலகத்துல வேற எங்கேயும் கிடையாது. அதைப் பிடிச்சுக் கொன்னு நமக்கு ஒரு பைசா பிரயோஜனம் இல்லை.

உண்மையான மருந்து உங்க ஊர் ஆரம்ப சுகாதார நிலையத்துல காசில்லாம இருக்கு. ஆறாவது, பத்தாவது, பதினாலாவது வாரத்துல பென்டாவேலன்ட். அப்புறம் ஒன்றரை வயசுவாக்குல ஒரு பூஸ்டர், 5-6 வயசுல இன்னொண்ணு. வீட்ல பச்சைக் குழந்தை இருந்து பெரியவங்க யாருக்காவது வாரக்கணக்குல இருமல் இருந்தா, அவங்களைத் தள்ளி வைங்க, டாக்டர்கிட்ட காட்டுங்க. குழந்தைக்குப் பெரும்பாலும் வீட்டு ஆளுங்ககிட்ட இருந்துதான் தொத்துது.

அடுத்து கடல் பக்கம்.

கடற்கரை ஊர் ஆஸ்பத்திரிகள்ல வேலை பார்த்தவங்க "முள்ளம்பன்றி"ன்னு கேட்டா உடனே அடுத்த கேள்வி கேட்பாங்க: "மிதிச்சீங்களா, சாப்பிட்டீங்களா?"

மிதிச்சதுன்னா அது கடல் முள்ளெலி. பாறைக்கு நடுவுல உருண்டையா, கறுப்பு முள்ளோட இருக்கும். முள்ளு காலுக்குள்ள ஒடிஞ்சு நிற்கும். பொறுக்க முடியாத வலி. தாங்கக்கூடிய சூட்டுல தண்ணியில அரை மணி நேரத்துல இருந்து ஒண்ணரை மணி நேரம் வரைக்கும் காலை வைங்க, வலி குறையும். காலை வைக்கிறதுக்கு முன்னாடி வேற ஒருத்தர் கை விட்டு சூடு பாருங்க. வலியில இருக்கிறவருக்குச் சூடு தெரியாது, வெந்து போய் வந்தவங்களைப் பார்த்திருக்கேன். வெளிய தெரியிற முள்ளை மட்டும் எடுங்க. பிளேடு வச்சுத் தோண்ட வேண்டாம். மூட்டுக்குப் பக்கத்துல குத்தியிருந்தா கண்டிப்பா காட்டணும்.

சாப்பிட்டதுன்னா கதையே வேற. அது முள் பேத்தை, அதாவது உப்பிக்கிற முள்ளு மீன். பேத்தை வகை மீன்கள்ல டெட்ரோடோடாக்சின்னு ஒரு நஞ்சு இருக்கலாம். கொதிக்க வச்சாலும் பொரிச்சாலும் போகாது. முதல்ல உதடு, நாக்கு மரத்துப் போகும். அப்புறம் கை கால் துவளும். அப்புறம் மூச்சுத் தசை வேலை செய்யாது. நினைவு தெளிவா இருக்கும், மூச்சு மட்டும் விட முடியாது. இதுக்கு மாற்று மருந்து கிடையாது. வென்டிலேட்டர்தான் மருந்து, நஞ்சு வெளியேறுற வரைக்கும். அதனால "முள்ளம்பன்றி சாப்பிட்டோம்"னு சொன்னா போதாது. சாப்பிட்டது காட்டு விலங்கா, மீனான்னு தெரியணும். மீதி இருந்தா கையோட கொண்டு வாங்க, இல்லைன்னா போட்டோ எடுத்துட்டு வாங்க. (காட்டு விலங்குன்னா அது தனிப் பிரச்சினை. 1972 வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி முள்ளம்பன்றியை வேட்டையாடுறது குற்றம். நான் போலீஸ் இல்லை, பயப்படாம உண்மையைச் சொல்லுங்க.)

இந்தக் குழப்பத்துக்குப் படிக்காதவங்கதான் காரணம்னு நினைச்சா, எங்க பாடப் புத்தகத்தைத் திறந்து பாருங்க.

கிரேக்க மொழியில "எக்கினோஸ்"னா முள்ளெலி. கடல் முள்ளெலியும் அதே சொல்தான். அதுல இருந்து வந்ததுதான் எக்கினோகாக்கஸ். நாய்க் குடல்ல இருக்கிற ஒரு நாடாப்புழு. நாய் மலத்துல இருக்கிற முட்டை கை வழியா, காய்கறி வழியா நம்ம வயித்துக்குப் போனா, கல்லீரல்லயும் நுரையீரல்லயும் நீர்க்கட்டி கட்டும். ஆடு வெட்டும்போது கட்டி கட்டியா இருக்கிற ஈரலை நாய்க்குப் போடாதீங்க. அந்தச் சுழற்சி அங்கதான் உடையும்.

இன்னும் சுவாரசியமானது மரபணு. 1980-ல கிறிஸ்டியானா நுஸ்லைன்-ஃபோல்ஹார்டும் எரிக் வீஷாஸும் பழ ஈயோட புழுவுல ஒரு மரபணு கெட்டா உடம்பு முழுக்க முள்ளு முள்ளா ஆகுறதைப் பார்த்து அதுக்கு "ஹெட்ஜ்ஹாக்"னு பேர் வச்சாங்க. 1995-ல ரெண்டு பேருக்கும் நோபல் பரிசு கிடைச்சது. முதுகெலும்புள்ள பிராணிகள்ல அதே குடும்பத்துல மூணு மரபணு கிடைச்சது. ரெண்டுக்கு நிஜ முள்ளெலி இனங்களோட பேர், அதுல ஒண்ணு "இந்தியன் ஹெட்ஜ்ஹாக்". மூணாவதுக்கு வீடியோ கேம் கதாபாத்திரத்தோட பேர்: "சோனிக் ஹெட்ஜ்ஹாக்". லேப்ல எல்லாரும் சிரிச்சிருப்பாங்க. ஆனா அந்த மரபணு கெட்டா கருவுல மூளை ரெண்டா பிரியாமலேயே போகலாம். குழந்தையை இழந்த பெற்றோர்கிட்ட "வீடியோ கேம் பேர் வச்ச மரபணுவுல கோளாறு"ன்னு எந்த டாக்டர் சொல்லுவார்?

தமிழ்ல இது இன்னொரு சிக்கல். "போர்க்குபைன்"னும் ஒரு மரபணு தனியா இருக்கு. வேலை வேற, அதைக் குறி வைக்கிற மருந்துகளும் வேற. ஹெட்ஜ்ஹாக் பாதையைத் தடுக்கிற விஸ்மோடெஜிப் 2012-ல ஒரு வகைத் தோல் புற்றுநோய்க்கு அமெரிக்காவுல அனுமதி வாங்கிடுச்சு. கர்ப்பிணிகள் தொடவே கூடாத மருந்து அது. போர்க்குபைன் தடுப்பான்கள் ஆராய்ச்சிக் கட்டத்துல இருக்கு. மருத்துவச் செய்தி எழுதுறவங்க ரெண்டையும் "முள்ளம்பன்றி மரபணு"ன்னு மொழிபெயர்த்துட்டா, படிக்கிறவர் என்ன பண்ணுவார்? என் கருத்து இது: மரபணுப் பேரை மொழிபெயர்க்காதீங்க, ஒலி மாறாம தமிழ் எழுத்துல எழுதுங்க. விலங்கைச் சொல்லும்போது முள்ளெலியை முள்ளெலின்னு எழுதுங்க. நல்ல தமிழ்ச் சொல் கையில இருக்கும்போது அதைத் தொலைக்கிறது சோம்பேறித்தனம்.

கடைசியா மனுஷங்க மேல ஒட்டின பேர். 18-ம் நூற்றாண்டுல இங்கிலாந்துல எட்வர்ட் லாம்பர்ட்னு ஒருத்தர். முகம், உள்ளங்கை, உள்ளங்கால் தவிர உடம்பு முழுக்கத் தடிச்ச, முள்ளு மாதிரியான தோல். "முள்ளம்பன்றி மனிதன்"னு காட்சிப் பொருளா வச்சுக் காசு வாங்கினாங்க. அவர் வம்சத்துல பிறந்தவங்களையும் அதே மாதிரி காட்டினாங்க. இன்னிக்கும் அந்த வகைத் தோல் நோய்ப் பேர்ல "ஹிஸ்ட்ரிக்ஸ்"னு ஒட்டிக்கிட்டிருக்கு. அதுவும் கிரேக்கத்துல முள்ளம்பன்றிதான்.

அந்த அளவுக்கு இல்லைன்னாலும், பிறவியிலேயே தோல் தடிச்சு, செதில் செதிலா இருக்கிற குழந்தைகள் நம்ம ஊர்லயும் இருக்காங்க. வகுப்புல முதல்ல வர்ற பட்டப்பேர் என்னன்னு சொல்ல வேண்டியதில்லை. என்கிட்ட வந்த ஒரு பையன் ஆறாம் வகுப்போட நின்னுட்டான். பக்கத்துல உட்கார யாரும் வரலையாம். "ஒட்டுமா டாக்டர்"னு அவங்க அப்பாவே கேட்டார். ஒட்டாது. இது மரபணுக் கோளாறு, தொத்து நோய் இல்லை. முழுசா குணமாகாது, ஆனா குளிச்சு ஈரம் காயுறதுக்குள்ள தேங்காய் எண்ணெயோ வாசலினோ தடவுறது, டாக்டர் சொல்ற யூரியா கலந்த கிரீம், வெயில்ல அதிக நேரம் நிற்காம இருக்கிறது, இதெல்லாம் நல்லாவே உதவும். வியர்வை சரியா வராததால சூடு ஏறிடும், அதனால விளையாட்டு பீரியட்ல தண்ணியும் நிழலும் வேணும்.

"தொற்று நோய் அல்ல, வகுப்பில் அமர அனுமதிக்கலாம்"னு ஓபி சீட்டுலயே எழுதி, சீல் போட்டு, தலைமை ஆசிரியர்கிட்ட கொடுக்கச் சொன்னேன். உங்க பிள்ளைக்கோ, பக்கத்து வீட்டுப் பிள்ளைக்கோ இந்த மாதிரி இருந்தா, அரசு ஆஸ்பத்திரி தோல் நோய்ப் பிரிவுல கேட்டு வாங்குங்க. எழுதித் தர அஞ்சு நிமிஷம்கூட ஆகாது.