ஆறுக்கு ஆறு, ஆனாலும் மங்கல்

ஆறாவது செமஸ்டர் பரீட்சை முடிஞ்சதும் நம்ம ஹாஸ்டல்ல ஒரு சீசன் ஆரம்பிக்கும். பிளேஸ்மென்ட்டுக்கு முன்னாடி கண்ணாடியைக் கழட்டிடணும்ங்கிற சீசன். ஸ்கூல்ல இருந்தே 'சோடாபுட்டி' பட்டம் சுமந்தவங்களுக்கு அந்த ஆசை வர்றதுல தப்பே இல்லை. லேசிக் வேண்டாம்னு சொல்ல நான் இதை எழுதலை. என் சண்டை எல்லாம் "பத்து நிமிஷம்தான், நாளைக்கே வேலைக்குப் போகலாம்" என்கிற அந்த ஒரு வரியோடுதான். அது பொய் இல்லை, பாதி உண்மை. மீதிப் பாதியை யாரும் வாய் திறந்து சொல்றதில்லை.

என் வகுப்புத் தோழன் ஒருவன் போன மே மாதம் செய்துகொண்டான். மறுநாள் செக்கப்பில் சார்ட்டை மேலிருந்து கீழே கடகடன்னு வாசிச்சான். ஆறுக்கு ஆறு. வீட்டுல பாயசம். மூணாவது வாரம் ராத்திரி எனக்குப் போன் வந்தது. எதிரே வர்ற லாரி ஹெட்லைட்டைச் சுத்தி முள்ளு முள்ளா வெளிச்சம், லேப்டாப்ல எழுத்துக்குப் பின்னாடி நிழல் எழுத்து, காலையில தெளிவா இருக்கிறது சாயங்காலம் மங்குது. "கண்ணு போச்சுடா மச்சி"ன்னான். ஆஸ்பத்திரியில் கேட்டதற்கு, "சார்ட்ல ஆறுக்கு ஆறு இருக்கே தம்பி, எல்லாம் நார்மல்" என்று அனுப்பிவிட்டார்களாம். நார்மல்தான். ஆனா அந்த நார்மல் எப்படி இருக்கும், எத்தனை மாசம் இருக்கும்னு ஆபரேஷனுக்கு முன்னாடியே சொல்லியிருக்க வேண்டாமா?

லேசர் தன் வேலையைச் சுத்தமாகச் செய்யும். 193 நானோமீட்டர் அலைநீளம் கொண்ட எக்ஸைமர் லேசர், பக்கத்துத் திசுவைக் கருக்காமல் வேண்டிய இடத்தை மட்டும் சீவி எடுக்கும். இதை 1981ல் ஐ.பி.எம். ஆய்வுக்கூடத்தில், விருந்தில் மிஞ்சிய வான்கோழியை வைத்துச் சோதித்துப் பார்த்த மூவர் குழுவில் ஒருவர், சென்னைப் பல்கலைக்கழகத்தில் படித்த ரங்கசாமி ஸ்ரீனிவாசன். (நம்ம ஃபிசிக்ஸ் லேப் ரெக்கார்டுல இந்தக் கதையெல்லாம் வராது, அது வேற விஷயம்.) எவ்வளவு ஆழம் சீவணும்னு மனக்கணக்காவே போடலாம். வட்டத்தின் விட்டத்தை வர்க்கப்படுத்தி, பவரால் பெருக்கி, மூணால் வகுத்தால் தோராயமாக மைக்ரான் கணக்கில் வரும். 6 மில்லிமீட்டர் வட்டம், மைனஸ் 4 பவர் என்றால் சுமார் 48 மைக்ரான். ஒரு தலைமுடித் தடிமன் கூட இல்லை.

ஆனா கார்னியா, சி.என்.சி. மெஷின்ல மாட்டின அலுமினியத் துண்டு இல்லை. உயிருள்ள திசு. லேசிக்கில் மேலே ஒரு மெல்லிய மடலை வெட்டித் திறந்து, சீவிவிட்டு, மூடுகிறார்கள். அந்த வெட்டில் கார்னியாவின் நுண் நரம்புகளும் அறுபடுகின்றன. கண் காய்ந்தால் "தண்ணி விடு"ன்னு சிக்னல் அனுப்பறதே அந்த நரம்புகள்தான். அவை திரும்ப வளரப் பல மாதங்கள் பிடிக்கும். அதுவரைக்கும் கண்ணீர்ப் படலம் ஒழுங்காக நிற்காது. கண்ணுக்குள் நுழையும் ஒளி முதலில் தொடும் பரப்பே அந்தப் படலம்தான். அது திட்டுத் திட்டாகக் காய்ந்தால் லென்ஸ் எவ்வளவு துல்லியமாக இருந்தும் பிம்பம் கலங்கும். ஸ்கிரீனைப் பார்க்கும்போது நாம் இமைப்பதும் குறைவு. அதனாலதான் சாயங்காலம் மங்குது. ரெண்டு மூணு தடவை நல்லா இமைச்சதும் தெளிவானால் பெரும்பாலும் வறட்சிதான் காரணம்.

ராத்திரிக் கதை வேற. இருட்டில் பாப்பா விரியும், நம்ம வயசுல நல்லாவே விரியும். லேசர் திருத்திய வட்டத்தின் விளிம்பு வரை விரிந்தால், அங்கே வளைவு மாறும் இடத்தில் ஒளி சிதறும். ஒளிவட்டம், முள்வெளிச்சம் எல்லாம் அப்படி வருவதுதான். சார்ட் இதைக் காட்டவே காட்டாது. வெள்ளைப் பலகையில் கறுப்பு எழுத்து, நல்ல வெளிச்சம். மங்கலான தெருவில் சாம்பல் நிறச் சட்டை போட்டவர் குறுக்கே வருவதைப் பார்க்க முடியுமா என்று அது கேட்பதில்லை.

அமெரிக்காவின் எஃப்.டி.ஏ. பங்கேற்று, கடற்படையினரிடமும் பொதுமக்களிடமும் நடத்திய ப்ரௌல் ஆய்வுகளின் முடிவு 2017ல் வெளிவந்தது. 95 சதவீதத்துக்கும் மேற்பட்டோர் தங்கள் பார்வையில் திருப்தி என்றார்கள். முன்பே தொந்தரவு இருந்த பலருக்கு அது குறைந்தும் இருந்தது. அதே ஆய்வில், முன்பு எந்தத் தொந்தரவும் இல்லாதவர்களில் 46 சதவீதம் வரை, மூன்றாம் மாதத்தில் ஒளிவட்டம், இரட்டை பிம்பம் மாதிரி புதிதாக ஏதாவது ஒன்றைச் சொன்னார்கள். அன்றாட வேலையே கெடும் அளவுக்குப் போனது 1 சதவீதத்துக்கும் குறைவு. எனக்கு உறைத்தது இன்னொரு தகவல். டாக்டரிடம் நேரில் சொன்னதைவிட, கேள்வித்தாளில் இந்தத் தொந்தரவுகளைக் குறிப்பிட்டவர்கள் இரண்டு மடங்குக்கும் அதிகம். கேட்காததால் சொல்லவில்லை. சொல்லாததால் "எல்லாம் நார்மல்".

"இதையெல்லாம் சொல்லி ஏன் பயமுறுத்தறே?"ன்னு சீனியர் ஒருத்தர் கேட்டார். பயம் வர்றது சொல்றதால இல்லைங்க, சொல்லாததாலதான். மூணு மாசம் இப்படி ஏற்ற இறக்கமா இருக்கும்னு முன்னாடியே தெரிஞ்சிருந்தா, அவன் மூணாவது வாரம் ராத்திரி முழுக்கத் தூங்காம இருந்திருக்க மாட்டான். பார்வை நிலைபெற மூன்று முதல் ஆறு மாதம் ஆகலாம் என்று எஃப்.டி.ஏ.வே சொல்கிறது. மடல் வெட்டாமல் மேல்தோலை மட்டும் நீக்கிச் செய்யும் பி.ஆர்.கே. முறையில் ஆரம்ப மங்கல் இன்னும் நீளும், முதல் சில நாள் வலியும் உண்டு. நிலைபெறும் முன்னாலேயே "பவர் மிச்சம் இருக்கு, இன்னொரு தடவை சீவுங்க"ன்னு கேக்கறது, ஆடிக்கிட்டிருக்கிற முள்ளைப் பாத்து ரீடிங் எழுதற மாதிரி. அதுக்காக எதையும் சகிச்சுக்கிட்டும் இருக்கக் கூடாது. கடும் வலி, கண் சிவந்து போவது, பார்வை திடீர்னு இறங்குவது இதெல்லாம் காத்திருக்கும் சமாச்சாரம் இல்லை, அன்னிக்கே ஆஸ்பத்திரி.

ஆகஸ்ட்ல இன்டர்வியூன்னா ஜூலைக் கடைசியில் செய்துக்காதீங்க. கோடிங் டெஸ்ட்டில் ரெண்டு மணி நேரம் இமைக்காமல் உக்காரணும், அதுக்கு ரெண்டு வாரக் கண் தாங்காது. செமஸ்டர் லீவோட முதல் வாரத்துல செஞ்சுக்கோங்க, இல்லேன்னா கண்ணாடியோடவே இன்டர்வியூ போங்க. கண்ணாடி போட்டதுக்காக யாரையும் ரிஜெக்ட் பண்ணினதா நான் கேள்விப்பட்டதில்லை. செலவுக் கணக்கு கேக்கும்போதே, இருட்டில் என் பாப்பா எத்தனை மில்லிமீட்டர், சீவப்போற வட்டம் எத்தனை, கண் வறட்சிக்கு டெஸ்ட் எடுத்தீங்களான்னும் கேளுங்க. ஆஸ்பத்திரிகள்கிட்ட நான் கேக்கறது ஒண்ணே ஒண்ணு. கையெழுத்து வாங்கும் அந்த இங்கிலீஷ் பாரத்தோடு, முதல் வாரம், முதல் மாதம், மூன்றாம் மாதம் பார்வை எப்படி இருக்கும்னு தமிழில் அரைப் பக்கம் அச்சடிச்சுக் குடுங்க. ஒரு பாட்டில் சொட்டு மருந்தின் விலை கூட ஆகாது.