100% முடிச்ச சேவ் ஃபைல்: இது சீட்டிங்கா ப்ரோ?

'நீட் ஃபார் ஸ்பீட்: மோஸ்ட் வான்டட்' கேம் வெளியானது 2005-ல். இன்னும் அதுக்கு '100% சேவ் ஃபைல்' தேடிட்டு இருக்கிறவங்க உண்டு. அதாவது, வேற யாரோ ராத்திரி பகலா ஆடி முடிச்ச கேமோட ஃபைல். டவுன்லோடு பண்ணி, கம்ப்யூட்டர்ல டாக்குமென்ட்ஸ் ஃபோல்டருக்குள் போட்டால் வேலை முடிந்தது. எல்லா கார்களும் ரெடி, ராக்போர்ட் நகரம் முழுக்க உங்களுடையது.

இது சீட்டிங்கா? தனியாக ஆடும் கேமில் ஏமாற எதிரே ஆளே இல்லை. நஷ்டம் என்றால் ஆடுகிறவருக்குத்தான். அந்த கேமோட கதையே, ஆரம்பத்துல ரேஸர் என்பவன் தில்லுமுல்லு பண்ணி நம்ம பிஎம்டபிள்யூ எம்3 ஜிடிஆரைப் பறிச்சுக்கிறதுதான். அதை மீட்க, பிளாக்லிஸ்ட்டில் 15-வது ஆளிலிருந்து ஒவ்வொருவராக ஜெயித்து மேலே வரணும். ஒவ்வொரு ஆளையும் நெருங்கவே ரேஸ் ஜெயிக்கணும், போலீஸை அலையவிட்டு பவுன்ட்டி சேர்க்கணும். சேவ் ஃபைலில் அந்த பிஎம்டபிள்யூ முதல் நாளே கேரேஜில் நிற்கும். பறிகொடுத்த கோபமே இல்லாமல் கையில் வரும் கார் அது. அரை மணி நேரம் சுத்தினா போரடிச்சிடும்.

ஆனா, எல்லோரும் சோம்பேறித்தனத்தில் இதைத் தேடுவதில்லை. லேப்டாப்பை ஃபார்மேட் பண்ணினதில் பழைய சேவ் போனவர் இருப்பார். ஏற்கெனவே ஒரு தடவை முடிச்சிட்டு, இப்ப வேலைக்குப் போய்க்கொண்டு, ஞாயிற்றுக்கிழமை மட்டும் போலீஸ் சேஸிங் ஆட நினைப்பவர் இருப்பார். அவரை மறுபடியும் 15-ல இருந்து வாங்கன்னு சொல்றது டூ மச்.

கேம் கம்பெனியே இந்தக் குறுக்குவழியை விற்றிருக்கிறது. 2012-ல் அதே பெயரில் வந்த புது 'மோஸ்ட் வான்டட்'டுக்கு 'டைம் சேவர் பேக்' என்று தனியாகக் காசுக்கு ஒன்று வந்தது. நகரத்தில் தேடி அலைந்து கண்டுபிடிக்க வேண்டிய கார்களை உடனே திறந்துவிடும். காசு கொடுத்தா வசதி, சும்மா எடுத்தா சீட்டிங்!

(டவுன்லோடு பண்ணும்போது உஷார். சேவ் ஃபைலுக்கு இன்ஸ்டாலர் தேவையே இல்லை. உள்ளே .exe இருந்தால் தொடாதீங்க. பழைய சேவை முதலில் காப்பி எடுத்து வைங்க.)

உண்மையில் கவலைப்பட வேண்டியது வேறு. மோஸ்ட் வான்டட் சேவ் நம்ம கம்ப்யூட்டரில் இருக்கிறது. அதனால்தான் இன்னொருவருக்குக் கொடுக்கவே முடிகிறது. யூபிசாஃப்டின் 'தி க்ரூ' அப்படியில்லை. அமெரிக்கா முழுக்க கார் ஓட்டும் அந்த 2014 கேம், தனியாக ஆடினாலும் கம்பெனி சர்வரோடு இணைந்தே ஓடும். 2024 மார்ச் 31-ல் சர்வரை நிறுத்தினார்கள். காசு கொடுத்து வாங்கினவங்களாலயும் அதற்குப் பிறகு ஆட முடியலை. பத்து வருஷமா சேர்த்த கார்கள் காலி. யாரோட சேவ் ஃபைலும் அங்கே உதவாது.

அந்தக் கோபத்தில் பிறந்ததுதான் 'ஸ்டாப் கில்லிங் கேம்ஸ்' இயக்கம். ஐரோப்பிய யூனியனில் அவர்களின் மனு 2025 ஜூலையில் 10 லட்சம் கையெழுத்தைத் தாண்டியது. இதற்கிடையில் யூபிசாஃப்ட் இறங்கிவந்து, 'தி க்ரூ 2'-க்கு 2025-ல் ஆஃப்லைன் மோடு கொடுத்திருக்கிறது. ஆன்லைனில் சேர்த்ததை அதற்குள் கொண்டுபோகவும் வழி இருக்கிறது. முதல் 'தி க்ரூ'வை வாங்கியவர்களுக்கு அது கிடைக்கவில்லை.