வரலாற்றாசிரியர் வாய் திறக்கலாமா?

இராஜகீழ்ப்பாக்கத்தில் ஞாயிறு திருப்பலி முடிந்து பேசிக்கொண்டிருந்தபோது, நூலறிவு மிக்க நண்பர் ஒருவர் எம்.எஸ்.எஸ். பாண்டியனைப் பற்றிச் சொன்னார்: "நல்ல வரலாற்றாசிரியர்தாம், நடப்பு அரசியல் பேசித் தம் பெயரைக் கெடுத்துக்கொண்டார்." நம்மவரிடையே பரவலாக உள்ள இவ்வெண்ணம் தவறானது மட்டுமன்று, தீங்கானதும்கூட.

பாண்டியன் செய்தது என்ன? நாஞ்சில் நாட்டு வேளாண்மையின் மாற்றங்களை 1990-இல் நூலாக்கினார். 1992-இல், எம்.ஜி.ஆரின் திரைப்படத்தையும் அரசியலையும் ஆராயும் 'தி இமேஜ் டிராப்' என்ற ஆங்கில நூலை வெளியிட்டார். எம்.ஜி.ஆர். மறைந்து ஐந்தே ஆண்டுகள், கண்ணீர் காயவில்லை. ஏழைகள் மீது வரிச்சுமை ஏற்றிய ஆட்சியை அந்த ஏழைகளே நெஞ்சில் வைத்துப் போற்றியது ஏன் என்று அவர் கேட்டார். இதை ஐம்பது ஆண்டு கழித்துக் கேட்டிருந்தால் ஆராய்ச்சியாம். அன்றே கேட்டால் அரசியலாம்! தாவீது இறக்கட்டும் என்றா இறைவாக்கினர் நாத்தான் காத்திருந்தார்?

அவர் கட்சிக்காரர் என்பாரும் உண்டு. திராவிட இயக்கத்தின்பால் அவருக்குப் பரிவு இருந்தது உண்மையே. ஆயினும் 2012-இல், இந்தி எதிர்ப்புப் போராட்டம் குறித்த கேலிச்சித்திரத்தைப் பாடநூலிலிருந்து நீக்கவேண்டுமென்று தமிழகக் கட்சிகள் குரலெழுப்பின. அதனை ஆராய்ந்த தோரட் குழுவில் இருந்த பாண்டியன், நீக்கவேண்டியதில்லை என்று மாற்றுக்கருத்தை எழுதிவைத்தார். தன் பக்கத்தார் முகம் சுளிப்பர் என்று அறிந்தும் பேசுபவரைக் கட்சிக்காரர் என்பது எவ்வகை நீதி?

ஒரு குறையை ஒப்புக்கொள்கிறேன். அவருடைய முதன்மையான நூல்கள் ஆங்கிலத்தில் அமைந்தவை. அவர் யாரைப் பற்றி எழுதினாரோ, அவர்களுள் பலருக்கு அவை எட்டவில்லை. ஆனால் அதற்காக அவரை மௌனமாக இருந்திருக்கச் சொல்வதா? தமிழில் கொண்டுவந்து படிப்பதன்றோ முறை!

நம் அச்சத்தின் வேர் வேறிடத்தில் இருக்கிறது. உயர்சாதியார் சாதியை வேறு பெயர்களில் பேசித் தப்புகின்றனர். ஒடுக்கப்பட்டோரோ சாதியைச் சாதியென்றே பேச வேண்டியுள்ளது என்று அவர் 2002-இல் எழுதினார். அக்கண்ணாடியில் நம் முகமும் தெரிகிறது. பங்கு ஒன்றின் விழா மலரைப் படித்தேன். கோபுரத்தின் உயரம் உண்டு, கொடை தந்தோர் பட்டியல் உண்டு. கல்லறைத் தோட்டத்தின் நடுவே ஒரு காலத்தில் நின்ற சுவரைப் பற்றி ஒரு வரியும் இல்லை. தொகுத்தவரைக் கேட்டேன். "அரசியல் வேண்டாமே" என்றார்.

பாண்டியன் 2014 நவம்பர் 10 அன்று தில்லியில் காலமானார். அவர் சொன்ன யாவற்றையும் ஏற்கவேண்டுமென்று நான் வாதிடவில்லை. மறுப்போர் சான்று காட்டி மறுக்கட்டும். ஆனால், இறந்தோரைப் பற்றி மட்டும் எழுது என்று வரலாற்றாசிரியருக்குக் கட்டளையிட வேண்டாம். இறந்தோரைப் பற்றிக்கூட நாம் முழு உண்மையை எழுதவிடவில்லையே! அடுத்த விழா மலரில் அந்தச் சுவருக்கு ஒரு பக்கம் ஒதுக்குவோமா?