வாக்கெடுப்பில் பிறந்த கடவுளா?

‘இயேசுவைக் கடவுளாக்கியது நிசேயாவில் நடந்த வாக்கெடுப்பு, நடத்தியவர் பேரரசர் கான்ஸ்டன்டைன்’ என்று இலக்கிய அன்பர் பலர் இன்றும் ஐயமின்றி ஒப்பிக்கின்றனர். ஆதாரம் கேட்டால், 2003இல் வெளிவந்த ‘டா வின்சி கோட்’ நாவலுக்கு அப்பால் எதுவும் வருவதில்லை. புனைவைப் புனைவாக வாசிக்க வேண்டும் என்று பிறருக்கு ஓதும் நாமே அதனை வரலாறாகக் கொள்வது வெட்கத்திற்குரியது.

நிசேயா அடங்கிய பித்தினியா-பொந்து மாகாணத்தின் ஆளுநர் பிளினி, கி.பி. 112 அளவில் பேரரசர் திராயானுக்கு எழுதிய மடலில், அங்குள்ள கிறிஸ்தவர்கள் விடியுமுன் கூடிக் கிறிஸ்துவைத் தெய்வமெனப் பாடுவதைக் குறிப்பிடுகிறார். சங்கம் கூடியதோ 325இல். இரு நூற்றாண்டுகளுக்கு மேலாக வழிபடப்பட்டவரை வாக்கெடுத்துக் கடவுளாக்கும் தேவை யாருக்கு இருந்தது?

எனில், வழக்குத்தான் என்ன? அலெக்சாந்திரியாவின் குருவான ஆரியுஸ், இயேசுவை வெறும் மனிதர் என்றாரல்லர். உலகுக்கு முன்னரே இருந்தவர், பிற யாவும் அவர் வழியே படைக்கப்பட்டன என்றே அவரும் கொண்டார். ஆயினும், தந்தை ஒருவரே தோற்றமற்றவர். மகன் இன்மையிலிருந்து ஆக்கப்பட்டவர். எனவே அவர் இல்லாதிருந்த நிலையும் ஒன்று உண்டு என்பது அவர் வாதம். படைக்கப்பட்ட ஒருவர் படைப்பை மீட்பது எங்ஙனம் என்பது எதிர்த்தரப்பின் வினா. நீதிமொழிகள் 8ஆம் அதிகாரத்தில் ஞானம் பேசும் இடத்தை இரு தரப்பும் மகனைக் குறித்ததாகவே வாசித்தன. அங்கே கிரேக்க மொழிபெயர்ப்பு ‘படைத்தார்’ என்கிறது. எபிரேய வினைக்கோ ‘பெற்றார்’, ‘உடைமையாகக் கொண்டார்’ எனப் பொருள் விரியும். ஒரு வினைச்சொல்லின் பொருளில் இத்துணை சிக்கல் இருந்தது.

‘ஓரெழுத்துக்காக அடித்துக்கொண்டனர்’ என்னும் ஏளனமும் உண்டு. ‘ஹோமோஊசியோஸ்’ என்றால் ஒரே சாரம். ‘ஹோமோயிஊசியோஸ்’ என்றால் ஒத்த சாரம். இவ்வோரெழுத்து வழக்கு நிசேயாவில் எழுந்ததன்று, 350களில் முற்றியது. அது கிடக்கட்டும். ‘ஒரே’ என்பதும் ‘ஒத்த’ என்பதும் ஒன்றே எனச் சொல்லும் தமிழாசிரியர் எவரையும் நாம் கண்டதில்லை.

பேரரசரின் கை இதில் இல்லை என்று நாம் சொல்லவில்லை. சங்கத்தைக் கூட்டியவர் கான்ஸ்டன்டைன். ஆரியுஸையும், இறுதிவரை கையொப்பமிட மறுத்த ஆயர் இருவரையும் நாடு கடத்தியவரும் அவரே. ஆனால் பின்னர் ஆரியுஸைத் திரும்ப அழைத்தவரும் அவர்தாம். 337இல் மரணப் படுக்கையில் அவருக்குத் திருமுழுக்கு அளித்தவர், ஆரியுஸின் ஆதரவாளரான நிக்கோமேதியா ஆயர் எவுசேபியுஸ். அவருடைய மகன் கான்ஸ்டான்டியுஸ் காலத்தில், 359இல் அரிமினத்தில் கூடிய ஆயர்கள் அரச நெருக்கடிக்குப் பணிந்து, ‘சாரம்’ என்ற சொல்லையே கைவிட்ட அறிக்கையில் கையொப்பமிட்டனர். நிசேயாவின் பக்கம் நின்ற அத்தனாசியுஸ் ஐந்து முறை நாடு கடத்தப்பட்டார். 381இல் நிசேயாத் தரப்பு வென்றபோதும் பின்னணியில் ஒரு பேரரசர் இருந்தார். அரசு இரு தரப்புக்கும் மாறி மாறித் துணைநின்றது என்பதே உண்மை.

நம்புவதும் நம்பாததும் அவரவர் உரிமை. நாம் கேட்பது வாசிப்பின் நேர்மை ஒன்றையே. ஆரியுஸ் இயற்றிய ‘தாலியா’ முழுமையாகக் கிடைக்கவில்லை. அவரை மறுத்தவர்கள் எடுத்தாண்ட பகுதிகளே எஞ்சியுள்ளன. தோற்றவர்பால் பரிவு கொள்வோர் அத்துணுக்குகளையாவது தேடி வாசிக்கட்டும். அவர் சொல்லாததை அவர் பெயரில் ஏற்றுவது, அவருக்கு இழைக்கும் இரண்டாவது அநீதி.